ஆம்ஸ்ட்ராங்கின் சிரிப்பும் ஆய்வாளர்களின் தீர்ப்பும்

ஜாஸ் வரலாறு பேசப்படும் கருத்தரங்குகளில் லூயி ஆம்ஸ்ட்ராங் இருமுறை விசாரிக்கப்படுகிறார். முதல் விசாரணையில், வெள்ளையர் முன் பல்லிளித்த ‘அங்கிள் டாம்’ என்று தண்டிக்கப்படுகிறார். இரண்டாவதில், 1957-இல் வெகுண்டு பேசிய சான்றைக் காட்டி விடுவிக்கப்படுகிறார். இரு தீர்ப்புகளின் அடியிலும் இருப்பது ஒரே பிழை: கலைஞனின் அரசியலை அவனது வாக்குமூலத்தில் மட்டுமே தேடுவது.

1957-இல் நடந்தது சிறிய செயலன்று. லிட்டில் ராக் நகரில் ஒன்பது கறுப்பின மாணவர்கள் பள்ளிக்குள் நுழைவதைத் தேசியக் காவற்படையைக் கொண்டு ஆளுநர் ஃபாபஸ் தடுத்தார். அவ்வேளையில் ஆம்ஸ்ட்ராங், குடியரசுத் தலைவர் ஐசனோவரை இரட்டை முகத்தவர், துணிவற்றவர் எனச் சாடினார். அரசின் சார்பில் சோவியத் ஒன்றியம் செல்லவும் மறுத்தார். அவருடைய பயண மேலாளர் மழுப்ப முனைந்தபோதும் அவர் பின்வாங்கவில்லை. அர்கான்சா பல்கலைக்கழகத்தில் நிகழவிருந்த அவருடைய கச்சேரி ரத்தாயிற்று.

ஆனால் அவரது அரசியல் அன்று பிறந்ததா? 1956-இல் லூசியானா மாநிலம் இனக்கலப்புள்ள கலைநிகழ்ச்சிகளைச் சட்டத்தால் தடைசெய்தது. கறுப்பரும் வெள்ளையரும் கலந்த தம் குழுவைப் பிரிக்க மனமின்றி, பிறந்த ஊரான நியூ ஆர்லியன்ஸில் 1965 வரை அவர் வாசிக்கவில்லை. இதற்கு அறிக்கை எதுவும் தேவைப்படவில்லை. கறுப்புத் தோலின் துயரைப் பாடும் ‘பிளாக் அண்ட் புளூ’வை அவர் 1929-இலேயே பதிவுசெய்திருந்தார்.

இனவாரியாகப் பிரிக்கப்பட்ட அவையோர் முன் அவர் வாசித்ததும் உண்மையே. அதை மறைக்க வேண்டியதில்லை, கண்டிக்கவும் செய்யலாம். கண்டிப்போர் ஒரே அளவுகோலைக் கையாள வேண்டும் என்பதே கேள்வி. ஆம்ஸ்ட்ராங்கின் மேடைத் தோற்றத்தைத் தோட்ட அடிமையின் சாயலாகக் கண்ட டிஸி கில்லெஸ்பியும் 1956-இல் அதே அரசின் இசைத் தூதராக நாடுகள் சுற்றியவர்தான். பிற்காலத்தில் அவர், தன் மகிழ்ச்சியை இனவெறி பறித்துக்கொள்ள விடாத உறுதியே அச்சிரிப்பு என்று தன்வரலாற்றில் எழுதினார். குற்றம் சாட்டியவரே திருத்திக்கொண்ட தீர்ப்பை ஆய்வாளர்கள் இன்னும் மேற்கோள் காட்டிக்கொண்டிருப்பது என்ன நேர்மை?

ஒரு கூற்றின் பொருள் அதன் சொற்களில் மட்டும் இல்லை. யார், எங்கே, என்ன இழப்பை ஏற்றுச் சொல்கிறார் என்பதிலும் இருக்கிறது. மொழியியலின் இந்தத் தொடக்கப் பாடம் மௌனத்துக்கும் சிரிப்புக்கும் பொருந்தும். கண்டன அறிக்கையில் கையெழுத்திட்டு எதையும் இழக்காதவர்கள், ஒன்பது ஆண்டுகள் பிறந்த ஊரின் மேடையை இழந்தவரிடம் அரசியல் சான்றிதழ் கேட்பது ஆய்வாகாது.