ஊருக்காகப் பேசினா பட்டணம் போகணுமா?

வழக்குன்னு வந்தா எங்க ஊர்ல முதல்ல கேக்குறது "எந்தக் கோர்ட்டு?"ன்னுதான். நியாயம் யார் பக்கம்ங்கிற பேச்செல்லாம் அப்புறம். டவுன் கோர்ட்டுன்னா காலையில் மாட்டுக்குத் தீவனம் போட்டுட்டு பஸ் ஏறினா சாயங்காலம் பால் கறக்க வந்துடலாம். ஐகோர்ட்டுன்னா ஒரு வாய்தாவுக்கு ரெண்டு நாள் போயிடும். தண்ணி முறை அதுவரைக்கும் காத்துக்கிட்டு இருக்காது.

காப்புரிமை வழக்கு பத்தி எழுதத்தான் இதைச் சொல்றேன். அதெல்லாம் மருந்துக் கம்பெனி, செல்போன் கம்பெனி சமாச்சாரம்னு பட்டணத்துல இருக்கிற நீங்க நினைக்கலாம். ஆனா அது விதைக்குள்ள வந்து ரொம்ப நாளாச்சு.

வரப்புத் தகராறை வச்சுச் சொன்னா சுலபமாப் புரியும். பக்கத்துக் காட்டுக்காரர் "நீ என் நிலத்துல உழுதுட்டே"ன்னு கேஸ் போடறார். நான் ரெண்டு விதமா பதில் சொல்லலாம். ஒண்ணு, "நான் உழவே இல்லை." இன்னொண்ணு, "முதல்ல அது உங்க நிலம்தானா? பட்டாவே தப்பு, அதை ரத்து பண்ணுங்க." இந்த ரெண்டாவதைக் கோரிக்கையாவே கோர்ட்டில் வச்சா அதுக்குப் பேர் எதிர்க்கோரிக்கை. வக்கீலுங்க கவுண்டர் கிளெய்ம்னு சொல்வாங்க.

காப்புரிமையிலும் இதேதான். 1970-ஆம் வருஷத்துக் காப்புரிமைச் சட்டம், 104-வது பிரிவு. காப்புரிமையை மீறிட்டான்னு வழக்குப் போடறவர் மாவட்ட நீதிமன்றத்துக்குக் கீழே போட முடியாது. வழக்கைச் சந்திக்கிறவர் "உன் காப்புரிமையையே ரத்து பண்ணணும்"னு எதிர்க்கோரிக்கை வச்சா, ரெண்டும் சேர்ந்து ஐகோர்ட்டுக்கு மாத்தப்படும்.

107-வது பிரிவுன்னு ஒண்ணு இருக்கு. ரத்து கேக்காம, "இந்தக் காப்புரிமை செல்லாது, அதனால நான் மீறலை"ன்னு தற்காப்பா மட்டும் சொல்லவும் அது வழி விடுது. அப்படிச் சொன்னா வழக்கு மாவட்டத்துலயே நடக்கும். ஜெயிச்சா நான் தப்பிச்சேன். ஆனா காப்புரிமை பதிவேட்டில் அப்படியே இருக்கும். நாளைக்கு அதே காகிதத்தோட பக்கத்து ஊர்க்காரன் மேல கேஸ் போடலாம்.

ஆக, தனக்காக மட்டும் பேசினா பக்கத்துலயே முடிச்சுக்கலாம், ஊருக்கெல்லாம் சேர்த்துப் பேசினா பட்டணம் போகணும். சட்டம் எழுதினவங்க இதை நினைச்சு எழுதலைதான். நாடு முழுக்கச் செல்லுற ஒரு காப்புரிமையை ஒரு மாவட்ட நீதிமன்றம் ரத்து செய்யறதைவிட ஐகோர்ட்டு செய்யறது முறைன்னு நினைச்சிருப்பாங்க. அதில் நியாயம் இருக்கு. ஆனா செலவு யார் தலையில் விழுதுன்னு பாருங்க.

எதிர்க்கோரிக்கையை ஒரு பெரிய கையாலதான் தூக்க முடியுதுங்கிறதுக்கு பிடி பருத்தி வழக்கே சாட்சி. அமெரிக்காவின் மான்சான்டோ கம்பெனிக்கும் ஐதராபாத்தின் நுஜிவீடு சீட்ஸ் கம்பெனிக்கும் டெல்லி ஐகோர்ட்டில் நடந்தது. விதைக்குக் காப்புரிமை தர நம்ம சட்டத்தின் 3-வது பிரிவே தடை போட்டிருக்கு, அதனால இதை ரத்து பண்ணுங்கன்னு நுஜிவீடு எதிர்க்கோரிக்கை வச்சது. 2018 ஏப்ரலில் ரெண்டு நீதிபதி அமர்வு காப்புரிமை செல்லாதுன்னு சொல்லிட்டது. 2019 ஜனவரியில் உச்ச நீதிமன்றம், இது நிபுணர் சாட்சியெல்லாம் வச்சு விசாரிக்க வேண்டிய விஷயம்னு தனி நீதிபதிகிட்டயே திருப்பி அனுப்பிச்சு. கடைசியில் 2021-ல் ரெண்டு கம்பெனியும் சமாதானம் ஆயிட்டாங்க. முழு விசாரணை நடந்து தீர்ப்பு வரவே இல்லை. ரெண்டு கம்பெனிக்கும் லாப நஷ்டக் கணக்கு சரியாப் போச்சு. அந்த விதைக்குக் காசு கொடுத்த பருத்திக்காரனுக்குப் பதில் கிடைக்கலை.

சின்னக் கை மாட்டினா எப்படி இருக்கும்னு குஜராத்தில் பார்த்தோம். அது காப்புரிமை இல்லை, 2001-ஆம் வருஷப் பயிர் ரகப் பாதுகாப்புச் சட்டம். ஆனா கதை ஒண்ணுதான். சிப்ஸுக்கான எஃப்சி 5 உருளைக்கிழங்கை விளைவிச்சதா சபர்காந்தா பக்கத்து விவசாயிங்க நாலு பேர் மேல பெப்சிகோ 2019-ல் அகமதாபாத்தில் கேஸ் போட்டது. ஆளுக்கு ஒரு கோடிக்கு மேல நஷ்டஈடு கேட்டாங்க. விவசாயிகளைக் கேக்காமலே இடைக்காலத் தடையும் வந்தது. பிராண்டு பேர் போட்ட விதையா விக்காத வரைக்கும், பதிவான ரகத்தையும் விதைக்கலாம், விளைஞ்சதை விக்கலாம்னு அதே சட்டத்தின் 39-வது பிரிவு விவசாயிக்கு உரிமை கொடுத்திருக்கு. இருந்தும் தடை வந்தது. நாடு முழுக்கச் சத்தம் கிளம்பவும் மே மாசம் கம்பெனி வழக்கை வாபஸ் வாங்கிச்சு.

பதிவையே ரத்து பண்ணணும்னா அதுக்கு வேற இடம், டெல்லியில் இருக்கிற ஆணையம். கவிதா குருகந்தி போட்ட மனுவில் 2021 டிசம்பரில் பதிவு ரத்தாச்சு. 2023-ல் டெல்லி ஐகோர்ட்டின் தனி நீதிபதி அது சரின்னார். 2024 ஜனவரியில் ரெண்டு நீதிபதி அமர்வு அந்த ரத்தையே ரத்து பண்ணிச்சு. கிழங்கு விளைஞ்சது குஜராத்தில், அலைச்சல் டெல்லியில். உருளைக்கிழங்கு போட்டவர் தனியா இத்தனை படி ஏறியிருப்பாரா?

வழக்கை ஐகோர்ட்டுக்கு மாத்தக் கூடாதுன்னு நான் சொல்லலை. விவசாயி மேல வழக்குன்னா நாலு காரியம் பண்ணுங்கன்னுதான் கேக்கறேன். அவரைக் கேக்காம தடை போடாதீங்க. சாட்சி விசாரணையை அவர் மாவட்டத்துலயே நடத்துங்க. வாய்தாவுக்கு வீடியோ மூலமா ஆஜராக விடுங்க. எதிர்க்கோரிக்கை வச்சதால வழக்கு தூரம் போச்சுன்னா, போக்குவரத்துச் செலவையும் வக்கீல் செலவையும் முதல்ல கேஸ் போட்ட கம்பெனி கட்டட்டும், தீர்ப்பு வந்தப்புறம் கணக்குப் பார்த்துக்கலாம்.

சிப்ஸ் சாப்பிடறவங்க, பருத்திச் சட்டை போடறவங்க எல்லாருக்கும் இதில் பங்கு இருக்கு. விதை யார் கையில்ங்கிற கேள்விக்கு வசதி உள்ளவன் மட்டும் பதில் வாங்கற நிலை இருந்தா, பதிலும் அவன் வசதிப்படியேதான் இருக்கும். படிக்கிறவங்கள்ல வக்கீல் யாராவது இருந்தா, உங்க மாவட்டத்துல ஒரு விவசாயிக்கு இப்படி ஒரு நோட்டீஸ் வந்தா 39-வது பிரிவையும் 107-வது பிரிவையும் அவருக்குத் தமிழ்ல எடுத்துச் சொல்லுங்க. பாதிப் பயம் அங்கேயே போயிடும்.