பட்டம் பெயரான விதம்

சிலுவைப் போர்களின் சரித்திரத்தில் ஸலாஹுத்தீன் என்று கீர்த்தி பெற்று, 1187-இல் ஜெருசலேம் நகரை மீட்டுக்கொண்ட சுல்தானுக்குப் பெற்றோர் இட்ட நாமம் யூஸுஃப் என்பதையும், 'மார்க்கத்தின் சீர்மை' என்று பொருள்படும் ஸலாஹுத்தீன் என்பது அவருடைய விருதுப்பெயரே என்பதையும் நம்மில் அநேகர் அறியார். 10-ஆம் நூற்றாண்டில், பாக்தாத் நகரின் அப்பாஸிய கலீஃபாக்கள், தம் அதிகாரத்தையே கைப்பற்றிக்கொண்ட புவைஹித் தலைவர்களுக்கு 'ராஜ்யத்தின் தூண்' என்றாற்போன்ற பட்டங்களை வழங்கியதும், அந்தச் சம்பிரதாயத்தின் வழியே பிற்காலத்தில் 'தீன்' என முடியும் பட்டங்கள் பெருகியதும் அரபு நாமங்களின் வரலாற்றில் ஒரு சுவையான அத்தியாயம். இவ்வாறு விருதுகள் மலிந்து மதிப்பிழந்தனவே என்று செல்ஜூக் பேரரசின் அமைச்சர் நிஜாமுல் முல்க் தம் அரசியல் நூலில் மனம் நொந்து எழுதினார். ஹஸன் என்ற இயற்பெயர் கொண்ட அவரும் ஒரு பட்டத்தாலேயே உலகில் அறியப்படுகிறார் என்பது விசித்திரம். அமைச்சரின் விசனத்தில் நியாயம் உண்டு; ஆயினும் பட்டங்களைச் சாமானியரின் இயற்பெயர்களாகவும் ஆக்கிய அந்த மலிவையே நான் வரவேற்கிறேன். அரசவை ஒருவனுக்கு அளிக்கும் பட்டத்தில் முகஸ்துதியும் பிரயோஜனமும் கலந்திருக்கக் கூடும். அதே சொல்லை, அதிகாரம் ஏதுமில்லாத ஓர் எளிய தகப்பன் தன் மகனுக்கு இடும்போது, அதில் அவன் நல்லவனாக வளரவேண்டும் என்ற பிரார்த்தனையன்றி வேறொன்றும் இல்லை. புகழ்ச்சியாய்ப் பிறந்த ஒரு சொல்லுக்கு இதனினும் மேலான கதி வாய்ப்பதற்கில்லை.