பெயரையாவது மறைத்திருக்கலாம்

அரசாங்க ரகசியத்தை அம்பலப்படுத்தும் நாயகன் என்றால் சினிமாவுக்கு ஒரு சின்னப் பொருள் வேண்டும். ஆலிவர் ஸ்டோன் இயக்கிய ‘ஸ்னோடென்’ (2016) படத்தில் அது நகம் அளவுக்கு ஒரு மெமரி கார்டு. ரூபிக் கியூபுக்குள் அதை ஒளித்து, அந்த கியூபைக் காவலாளியிடமே விளையாட்டாகத் தூக்கிப்போட்டுவிட்டு வெளியே வருகிறார் நாயகன். பார்க்கிற நமக்கு மூச்சு நின்றுபோகும்.

புதுக்கோட்டை மாவட்டம் திருமயம் வட்டாரத்தில் அப்படி ஒளித்து எடுத்துவர எதுவும் இல்லை. குடைவரைக் கோயில்களும் கோட்டையும் எழும்பிய பாறை பூமி அது. இன்று கல்குவாரிகளின் பூமி. எந்தப் புல எண்ணில், எத்தனை ஆழம் வெட்டலாம் என்பது குத்தகை உத்தரவில் இருக்கிறது. எவ்வளவு வெட்டினார்கள் என்பது பள்ளத்தில் இருக்கிறது. இரண்டையும் ஒத்துப் பார்க்க ஒரு சர்வேயர் போதும். ஏற்றிப்போகும் ஒவ்வொரு லோடுக்கும் நடைச்சீட்டு வேண்டும். சீட்டு இல்லாமல் எந்த வண்டி போகிறது என்று டீக்கடை பெஞ்சைக் கேட்டாலே சொல்லும்.

வெங்களூரைச் சேர்ந்த ஜகபர் அலி, முன்னாள் அ.தி.மு.க. ஒன்றியக் கவுன்சிலர், இதைத்தான் மனுவாக எழுதி அதிகாரிகளிடம் கொடுத்துக்கொண்டே இருந்தார். 2025 ஜனவரி 17, வெள்ளிக்கிழமை. தொழுகை முடித்து டூவீலரில் வீடு திரும்பியவர்மீது டிப்பர் லாரி மோதியது. லாரி விட்டு ஏற்றுவது தமிழ் சினிமாவில் சலித்துப்போன காட்சி. இப்போது எந்த இயக்குநராவது வைத்தால் ‘வேறு யோசனையே இல்லையா’ என்று விமர்சனம் எழுதுவோம். முதலில் விபத்து என்றார்கள். மனைவியின் புகாருக்குப் பிறகு அது கொலை வழக்கானது. குவாரி உரிமையாளர்கள் உட்பட ஐந்து பேர் மீது வழக்கு, விசாரணை சி.பி.சி.ஐ.டி.க்கு மாற்றம், இன்ஸ்பெக்டர் சஸ்பெண்ட் என்று எல்லாம் வரிசையாக நடந்தன. யார் குற்றவாளி என்பதை நீதிமன்றம் சொல்லட்டும். நாம் கேட்பது வேறு. புகார் கொடுத்தவர் யாரென்ற விவரம் கசிந்துவிட்டது என்று அப்போதே எழுந்த குற்றச்சாட்டுக்கு யார் பதில் சொல்வது?

கசிய வேண்டிய அவசியமே இல்லை என்பதுதான் வேதனை. கலெக்டர் ஆபீஸில் திங்கட்கிழமை வரிசையில் நின்று கொடுக்கும் மனுவில் பெயர், தகப்பனார் பெயர், முகவரி, செல் நம்பர் எல்லாம் எழுதியாக வேண்டும். அங்கிருந்து ‘உரிய நடவடிக்கைக்காக’ கோட்டாட்சியர், தாசில்தார், வருவாய் ஆய்வாளர், வி.ஏ.ஓ. என்று மேசை மேசையாக அது கீழே இறங்கும். எல்லா மேசையிலும் குவாரிக்காரருக்கு வேண்டியவர் இருக்கத் தேவையில்லை. ஒன்றில் இருந்தால் போதும்.

அந்த வரிசையில் கடைசி மேசையில் இருப்பவருக்கும் பாதுகாப்பு இல்லை என்பது தனிக் கதை. தூத்துக்குடி மாவட்டம் முறப்பநாட்டில் மணல் கொள்ளையைத் தடுத்த வி.ஏ.ஓ. லூர்து பிரான்சிஸை 2023 ஏப்ரலில் அலுவலகத்துக்குள்ளேயே புகுந்து வெட்டினார்கள்.

பெயரை மறைக்கச் சொல்லிக் கேட்டாலும் பயனில்லை. தேசிய நெடுஞ்சாலைப் பணிகளில் நடந்த முறைகேட்டைப் பிரதமர் அலுவலகத்துக்கு எழுதிய பொறியாளர் சத்யேந்திர துபே, தன் பெயரை வெளியிட வேண்டாமென்று கடிதத்திலேயே கேட்டிருந்தார். கடிதம் பெயரோடு அலுவலகம் அலுவலகமாகச் சுற்றியது. 2003 நவம்பரில் கயாவில் சுட்டுக்கொல்லப்பட்டார். வழிப்பறி என்று முடித்தது சி.பி.ஐ. ஆனால் அந்தச் சாவு எழுப்பிய கொதிப்பில்தான், முறைகேட்டை அம்பலப்படுத்துவோரைப் பாதுகாக்கும் சட்டம் தள்ளாடித் தள்ளாடி 2014 மே மாதம் குடியரசுத் தலைவரின் ஒப்புதல் வரை வந்து சேர்ந்தது. அதிகாரிகளின் ஊழலைப் பற்றிப் புகார் செய்தவரின் அடையாளத்தை வெளியே விட்டவருக்கு 3 ஆண்டு வரை சிறை, 50,000 ரூபாய் வரை அபராதம் என்கிறது அது. நல்ல சட்டம்தான். என்றைக்கு நடைமுறைக்கு வரும் என்ற தேதியை மட்டும் மத்திய அரசு இன்னும் அறிவிக்கவில்லை. அமலுக்கே வராத சட்டத்துக்கு 2015-ல் ஒரு திருத்த மசோதா வேறு. மக்களவையில் நிறைவேறி, மாநிலங்களவையில் கிடந்து, 2019-ல் அது காலாவதியானது. கொண்டுவந்தது காங்கிரஸ் கூட்டணி ஆட்சி, கிடப்பில் போட்டது பா.ஜ.க. ஆட்சி. சட்டம் வரவில்லை என்று வீதியில் இறங்கிய கட்சி எதுவும் நம் நினைவில் இல்லை.

டெல்லிக்காகச் சென்னை காத்திருக்க வேண்டியதில்லை. கனிமவளப் புகார்களில் பெயரும் முகவரியும் உள்ள பக்கத்தைக் கலெக்டரே பூட்டி வைத்துக்கொண்டு, புல எண் உள்ள பக்கத்தை மட்டும் கீழே அனுப்ப ஓர் அரசாணை போதும். பள்ளத்தை அளக்கப் போகிறவருக்கு மனு போட்டது யாரென்று தெரிந்து ஆகப்போவது ஒன்றுமில்லை. அளப்பதற்கு வேறு தாலுகா சர்வேயரை அனுப்பினால் இன்னும் நல்லது.