குடும்பப் பெயர் நமக்கு எதற்கு?

வெளிநாட்டுப் பல்கலைக்கழகங்களுக்கு விண்ணப்பிக்கும் காலம் வந்துவிட்டால் பிரிக்பீல்ட்ஸிலும் கிள்ளானிலும் பல வீடுகளில் இந்தக் குழப்பம்தான். பாரத்தில் முதற்பெயருக்கு ஒரு கட்டம், குடும்பப் பெயருக்கு ஒரு கட்டம். இரண்டையும் நிரப்பாவிட்டால் கணினி அடுத்த பக்கத்துக்கு விடாது. மகள் பெயர் கவிதா, அப்பா பெயர் முனியாண்டி என்று வையுங்கள். மலேசியக் கடப்பிதழில் பெயர் ஒரே வரியாக இருக்கிறது. எங்கே வெட்டுவது என்று அது சொல்வதில்லை. வேறு வழியில்லாமல் அப்பாவைத் தூக்கிக் குடும்பப் பெயர்க் கட்டத்தில் போடுகிறார்கள். பிறகு அங்கிருந்து வரும் கடிதமெல்லாம் 'மிஸ் முனியாண்டி'க்குத்தான்.

சிரித்துவிட்டுப் போகலாம். ஆனால் இந்தத் தொல்லைக்குச் சிலர் கண்டிருக்கும் தீர்வைப் பார்த்துச் சிரிக்க முடியவில்லை. பிள்ளை பிறந்ததுமே ஒரு குடும்பப் பெயரையும் சேர்த்துப் பதிந்துவிட்டால் பிற்காலத்தில் வம்பில்லை என்கிறார்கள். எந்தப் பெயர் என்று கேட்டால் பாட்டன் பிறந்த ஊர் வருவதில்லை, பாட்டி பெயர் வருவதில்லை. சாதிப் பட்டம் வருகிறது. இதை நாம் எதிர்க்கிறோம். தமிழருக்குப் பொதுவாகக் குடும்பப் பெயர் கிடையாது. அது ஒரு குறையும் இல்லை. மாற வேண்டியது பாரம்தான்.

நம் பெயருக்கும் அப்பா பெயருக்கும் நடுவே வரும் 'அனாக் லெலாக்கி' (மகன்), 'அனாக் பெரம்புவான்' (மகள்) என்ற ஒட்டு இந்நாட்டு அரசு நம்மீது குத்திய முத்திரை என்று பல இளைஞர்கள் நினைக்கிறார்கள். சொல் மலாய், வழக்கம் நம்முடையது. சங்கப் புலவர் நக்கீரரை ஏடுகள் 'மதுரைக் கணக்காயனார் மகனார் நக்கீரனார்' என்றே குறிக்கின்றன. ஊர், அப்பா, மகன் என்ற உறவு, பிறகு தன் பெயர். 'மதுரை அறுவை வாணிகன் இளவேட்டனார்' ஜவுளி வியாபாரி. தொழிலையே பெயருக்கு முன்னால் வைத்துக்கொண்டார். 'ஒக்கூர் மாசாத்தியார்' என்ற பெண்பாற் புலவருக்கு ஊர் போதுமானதாக இருந்தது. கீழடிப் பானை ஓட்டில் கீறிய 'குவிரன் ஆதன்' என்ற பெயரிலும் வால் இல்லை. வெள்ளைக்காரன் காலத்தில் 'சன் ஆஃப்', 'டாட்டர் ஆஃப்' என்று பதிந்தார்கள். சிங்கப்பூரில் அது இன்றும் உண்டு. இங்கே மலாய்க்கு மாறியது.

பிரிக்பீல்ட்ஸின் நடுவே ஓடும் ஜாலான் துன் சம்பந்தனையே எடுத்துக்கொள்ளுங்கள். அயலார் யாரும் சம்பந்தன் என்பதைக் குடும்பப் பெயர் என்றே படிப்பார்கள். அந்தச் சாலைக்குப் பெயர் தந்த வீ. தி. சம்பந்தனின் 'வீ' அப்பா வீராசாமி. 'தி'யும் சம்பந்தனும் சேர்ந்தது ஒரே பெயர், திருஞானசம்பந்தன்; சீர்காழியில் பிறந்த நாயனாரின் பெயர். அதை இரண்டு கட்டத்துக்காக எங்கே உடைப்பது? உடைத்தால் தேவாரம் பாடியவரும் போவார், சுங்கை சிப்புட்டில் பிள்ளைக்குப் பெயர் வைத்த அப்பாவும் போவார்.

"பட்டம் பாட்டன் வைத்திருந்ததுதானே, நாங்கள் வைத்தால் என்ன?" என்ற கேள்வி வரும். கப்பலேறி வந்து பால்மரம் சீவிய பாட்டன்களில் பெரும்பாலோர் பெயரோடு பட்டம் சேர்த்து எழுதியவர்கள் அல்லர். தோட்டத்தில் சாதி இல்லை என்று பொய் சொல்ல மாட்டோம். லயத்தில் இருந்தது, கல்யாணப் பேச்சில் இருந்தது, கோயில் மரியாதையில் இருந்தது. ஆனால் விடியற்காலைப் பெரட்டில் கிராணி கூப்பிட்டது முனியாண்டியை, அஞ்சலையை, குப்பனை. 1929 பிப்ரவரியில் செங்கல்பட்டில் கூடிய சுயமரியாதை மாநாடு பெயருக்குப் பின்னால் சாதிப் பட்டம் போடுவதைக் கைவிடச் சொன்னது. அதே ஆண்டு இறுதியில் பெரியார் மலாயாவுக்கே வந்து பேசினார். அன்று வெட்டியதை இன்று ஒரு விமான டிக்கெட்டுக்காக ஒட்டவைப்பதா?

இதன் விளைவு ஒரு வீட்டோடு நிற்காது. ஒரு வகுப்பில் பத்துப் பிள்ளைகளுக்குப் பட்டம் முளைத்தால், பட்டம் இல்லாத பதினோராவது பிள்ளையின் சாதியை எல்லாரும் ஊகிக்கத் தொடங்குவார்கள். அந்தப் பிள்ளை வாயே திறக்க வேண்டியதில்லை. தென்னாப்பிரிக்கத் தமிழரிடம் கவுண்டர் 'கவெண்டர்' ஆகவும், முதலியார் 'மூட்லி' ஆகவும், படையாட்சி, பிள்ளை, நாயுடு ஆகியவை குடும்பப் பெயர்களாகவும் உறைந்து கிடக்கின்றன. மொழி போய்விட்ட வீடுகளிலும் பட்டம் மிஞ்சியிருக்கிறது. நமக்கு அந்த நிலை வர வேண்டிய கட்டாயம் எதுவும் இல்லை.

சட்டமும் நம்மைக் கட்டாயப்படுத்தவில்லை. 1957ஆம் ஆண்டின் பிறப்பு, இறப்புப் பதிவுச் சட்டத்தின் 13ஏ பிரிவு, குடும்பப் பெயர் 'இருந்தால்' அது வழக்கமாகத் தந்தையின் குடும்பப் பெயராக இருக்க வேண்டும் என்கிறது. அதுவும் தந்தைக்கு 'இருந்தால்'. 2020 பிப்ரவரியில் ஒரு வழக்கில் கூட்டரசு நீதிமன்றம், மலாய்க்காரர்களுக்குக் குடும்பப் பெயர் இல்லாததால் அந்தப் பிரிவு மலாய் முஸ்லிம் குழந்தைகளுக்குப் பொருந்தாது என்று பெரும்பான்மைத் தீர்ப்பில் கூறியது. அந்த வழக்கின் முடிவு வேறு விவாதம். ஆனால் மலாய்ப் பெயரில் 'பின்' (bin) என்ற சொல்லை அடுத்து வரும் அப்பா பெயர் குடும்பப் பெயர் அல்ல என்றால், 'அனாக் லெலாக்கி'க்குப் பின் வருவதும் அல்ல.

உலகத்தோடு ஒத்துப்போக வேண்டாமா என்பார்கள். தாய்லாந்து 1913இலும் துருக்கி 1934இலும் சட்டம் போட்டுத்தான் மக்களுக்குக் குடும்பப் பெயர் சூட்டின. அதுவரை அவர்கள் அது இல்லாமலே வாழ்ந்தார்கள். ஐஸ்லாந்துக்காரர்களில் பெரும்பாலோர் இன்றும் தந்தை பெயரோடு 'சோன்', 'டோட்டிர்' சேர்த்து வாழ்கிறார்கள். அச்சில் வந்த தொலைபேசிப் புத்தகத்தில்கூடச் சொந்தப் பெயரின் அகரவரிசைதான் இருந்தது. 1925இல் அந்நாடு புதிதாகக் குடும்பப் பெயர் வைத்துக்கொள்வதைத் தடை செய்தது. கடப்பிதழ்களுக்கான அனைத்துலகத் தரவிதியும், பிரிக்க முடியாத பெயரை ஒரே கூறாக எழுத இடம் தருகிறது. ஆனால் அந்த விதிப்படி இயந்திரம் படிக்கும் வரியில், 'அனாக் லெலாக்கி'யைச் சுருக்கி எழுதும் 'ஏ/எல்'இன் சாய்கோட்டுக்கு இடமில்லை. அது உதிர்ந்து, 'ஏஎல்' ஏதோ நடுப்பெயர்போல நிற்கிறது. சாய்கோடு வேண்டாம் என்று நினைக்கும் பெற்றோரோடு நமக்குச் சண்டையில்லை.

இந்நாட்டு வங்கிகளும் விமான நிறுவனங்களும் கல்லூரிகளும் செய்ய வேண்டியது சிறிய வேலை: 'முழுப்பெயர், கடப்பிதழில் உள்ளபடி' என்று ஒரே கட்டம். மக்களில் பெரும்பான்மையோருக்குக் குடும்பப் பெயர் இல்லாத நாட்டில் இன்னமும் இரண்டு கட்டம் வைத்திருப்பது சோம்பல்.

தேசியப் பதிவுத் துறை செய்ய வேண்டியது சற்றுப் பெரியது. அதே 13ஏ பிரிவு, மணமாகாத தாய் தன் குடும்பப் பெயரைக் குழந்தைக்குத் தர இடமளிக்கிறது. தமிழ்த் தாய்க்குக் குடும்பப் பெயர் ஏது? தனியாகப் பிள்ளை வளர்க்கும் பெண்ணுக்குச் சட்டம் நீட்டும் சலுகை, அவள் கைக்கு வரும்போது வெறுமையாகிவிடுகிறது. ஐஸ்லாந்தில் தாயின் பெயரோடும் 'சோன்', 'டோட்டிர்' சேரும். இங்கேயும் 'அனாக் லெலாக்கி', 'அனாக் பெரம்புவான்' ஒட்டுக்குப் பின் தாயின் பெயரை எழுதலாம் என்று துறை தெளிவாக விதி வகுத்து, ஒவ்வொரு பதிவு முகப்புக்கும் எழுத்தில் அனுப்ப வேண்டும். மணமான பெற்றோரும் விரும்பினால் இரண்டு பெயரையும் சேர்க்கட்டும். நாடாளுமன்றத்தில் உள்ள நம் உறுப்பினர்கள் இதை வரும் கூட்டத்திலேயே கேள்வியாக எழுப்பலாம்.