'இருந்தது' என்ற சொல்லுக்குச் சிறை

கடனுக்காக மனிதரைச் சிறையில் அடைக்கும் காலம் மலையேறிவிட்டது என்று படித்தவர் பலர் நம்புகின்றனர். 1908ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டம் அவ்வாறு கருதவில்லை. தீர்ப்பாணைத் தொகை 5,000 ரூபாயைத் தாண்டினால் மூன்று மாதம் வரை கடனாளியைச் சிவில் சிறையில் வைக்க அதன் 58ஆம் பிரிவு இன்றும் இடமளிக்கிறது. விடுதலையான பின்னும் கடன் தீராது. சிறையில் அவர் உண்ணும் சோற்றுக்கான படியைக் கடன் கொடுத்தவர் கட்ட வேண்டும். அந்தத் தொகையும் வழக்குச் செலவாகக் கடனாளியின் தலையிலேயே ஏறும்.

இந்தக் கொடுமைக்குச் சட்டமே ஒரு கடிவாளமும் போட்டிருக்கிறது. 1936இல் 51ஆம் பிரிவில் சேர்க்கப்பட்ட காப்புரையின்படி, தப்பியோடுதல், சொத்தை மறைத்தல் போன்ற நிலைகள் நீங்கலாக, செலுத்தும் வசதி கடனாளிக்கு 'இருக்கிறது', அல்லது தீர்ப்பாணைக்குப் பின் 'இருந்தது', இருந்தும் அவர் மறுத்தார் அல்லது புறக்கணித்தார் என்று நீதிமன்றம் காரணங்களை எழுதிப் பதிந்தாக வேண்டும். சிக்கல் அந்த இறந்தகால வினையில் இருக்கிறது. இருந்தது என்பதற்கும் இருக்கிறது என்பதற்கும் நடுவில் தறி நின்றுபோகலாம், மழை பொய்க்கலாம், ஒரு புற்றுநோய் வீட்டையே விழுங்கலாம். நேற்றைய வசதிக்கு இன்றைய உடல் சிறை செல்வது எந்த இலக்கணத்தில் சேரும்?

1980இல் ஜாலி ஜார்ஜ் வர்கீஸ் எதிர் கொச்சி வங்கி வழக்கில் நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர் இவ்விடத்தில்தான் கை வைத்தார். அரசமைப்பின் 21ஆம் உறுப்போடு சேர்த்துப் படித்து, பணம் செலுத்தத் தவறியது மட்டும் போதாது, நேர்மையின்மையும் காணப்பட வேண்டும் என்றார். வறுமை குற்றமாகாது என்பது அன்றே தீர்ந்துபோன கேள்வி. ஆயினும் வசதி குறித்து விசாரிக்காமலே பிறப்பிக்கப்பட்ட கைது ஆணைகளை உயர் நீதிமன்றங்கள் இன்றுவரை ரத்து செய்துகொண்டிருக்கின்றன. உயர் நீதிமன்றம் வரை போக வழக்கறிஞரும் பயணச் செலவும் வேண்டும். அவை உள்ளவருக்கே அந்த ரத்து கிட்டும். அழைப்பாணையின் மொழியே புரியாமல், அமீனா வாசலில் நிற்கும்போது விஷயம் தெரியவருபவர் எங்கே போவார்?

கடன் கொடுத்தவரும் ஏழையாக இருக்கலாமே என்பார்கள். உண்மைதான், சேமிப்பைக் கைமாற்றாகக் கொடுத்து ஏமாந்த விதவைகள் உண்டு. ஆனால் 'இப்போது உம்மிடம் என்ன இருக்கிறது?' என்று நீதிமன்றம் கேட்பதால் அவருடைய ஒரு ரூபாயும் குறைவதில்லை. இல்லாதவரைச் சிறை வைப்பதால் ஒரு ரூபாய் கூடுவதுமில்லை.

சம்பள ஜப்தியிலும் இதே அலட்சியம். 60ஆம் பிரிவு முதல் 1,000 ரூபாயையும் மீதியில் மூன்றில் இரு பங்கையும் காக்கிறது. அந்த ஆயிரம் 2002இல் நடைமுறைக்கு வந்த திருத்தத்தில் நிர்ணயிக்கப்பட்டது. அரிசி விலை அங்கேயே நிற்கவில்லை.

2016ஆம் ஆண்டின் நொடிப்பு மற்றும் திவால் சட்டத்தில், ஆண்டு வருமானம் 60,000 ரூபாய்க்கும் சொத்து 20,000 ரூபாய்க்கும் கடன் 35,000 ரூபாய்க்கும் மிகாத, சொந்த வீடில்லாத எளியவர் கடனிலிருந்து விடுபட்டுப் புதிதாகத் தொடங்க ஒரு வழி எழுதப்பட்டுள்ளது. நிறுவனங்களுக்கான பகுதி அதே ஆண்டு டிசம்பரிலேயே நடைமுறைக்கு வந்தது. அவற்றின் கடனில் பெரும்பகுதியை வங்கிகள் விட்டுக்கொடுப்பதற்குத் 'தீர்வுத் திட்டம்' என்ற கண்ணியமான பெயரும் கிடைத்தது. எளியவருக்கான அத்தியாயம் மட்டும் அரசின் அறிவிக்கைக்காக இன்னும் காத்துக் கிடக்கிறது.