சாவு வீட்டில் கேமராவுக்கு என்ன வேலை?

கல்யாணமாகி ஏழு ஆண்டுக்குள் ஒரு பெண் இறந்தால் கோட்டாட்சியர் விசாரணை உண்டு. பிரேதப் பரிசோதனை அறிக்கை வர வேண்டும், சாட்சிகள் கூண்டேற வேண்டும். அதுவரை பொறுக்க 'க்ரைம் ஸ்டோரி' சேனல்காரர்களுக்கு மனமில்லை. விருதுநகர் மாவட்டத்துக் கான்சாபுரத்திலோ வத்திராயிருப்பிலோ அப்படியொரு சாவு விழட்டும். காரியம் முடிவதற்குள் வீடியோ ஏறிவிடும். கல்யாண ஆல்பத்துப் படம், ஒரு முகத்தைச் சுற்றிச் சிவப்பு வட்டம், பின்னால் திகில் இசை. இதற்கு ஆவணப்படம் என்று பெயர் வேறு. வன்மையாகக் கண்டிக்கிறோம்.

பெரிய நிறுவனங்களும் யோக்கியமில்லை. மலைக்கு அந்தப்பக்கம், கேரளத்தின் கோழிக்கோடு மாவட்டம் கூடத்தாயியில் 2002 முதல் 2016 வரை ஒரே குடும்ப வட்டத்தில் ஆறு சாவுகள். அந்தக் குடும்பத்து மருமகள் ஜோலி ஜோசப்பின் முதல் கணவர் ராய் தாமஸும் அதில் ஒருவர். 2019 அக்டோபரில் கல்லறைகளைத் தோண்டினார்கள். ஜோலி கைதானார். வழக்கு நடந்துகொண்டிருக்கும்போதே, 2023 டிசம்பரில், 'கறி அண்ட் சயனைடு' என்று நெட்ஃப்ளிக்ஸ் படம் வெளியிட்டது. தலைப்பிலேயே தீர்ப்பு! ஆனாலும் உறவினர், போலீஸ் அதிகாரி, வழக்கறிஞர் என்று ஆட்களை நேரில் பேசவைத்தார்கள். நம்மூர்க் கதைசொல்லிகளுக்கு அந்த மெனக்கெடல்கூட இல்லை. பேப்பரில் வந்த துண்டுச் செய்தி, ஒரு எஃப்.ஐ.ஆர். நகல், மிச்சமெல்லாம் சொந்தச் சரக்கு. எஃப்.ஐ.ஆர். வெறும் புகார்தான். போலீசிடம் கொடுத்த ஒப்புதல் வாக்குமூலமே கோர்ட்டில் செல்லாது. அதை வசனமாக்கி நடித்துக் காட்டுகிறார்கள். இவற்றை எடுத்துக்கொடுக்கும் காக்கிச்சட்டைகளுக்கும் இதில் பங்குண்டு.

கேட்டால் விழிப்புணர்வாம். அடிபடும் மனைவி அழைக்க வேண்டிய 181 என்ற மகளிர் உதவி எண்ணை எத்தனை வீடியோவில் போடுகிறீர்கள்? செத்தவளின் நடத்தையை அரைமணி நேரம் அலசுவதில் யாருக்கு என்ன விழிப்பு வரும்?

இதிலெல்லாம் கேவலமானது பிள்ளைகளை இழுப்பது. தாய் மண்ணுக்குள், தகப்பன் ஜெயிலில், பிள்ளை பாட்டி வீட்டில். அதன் யூனிஃபார்ம் போட்டோவைப் போட்டால் நாளைக்கு அது எந்த முகத்தோடு பள்ளிக்கூடம் போகும்? பாதிக்கப்பட்ட, சாட்சியான சிறாரின் பெயர், படம், பள்ளி எதையும் வெளியிடக் கூடாது என்கிறது இளைஞர் நீதிச் சட்டத்தின் 74-ஆம் பிரிவு. மீறினால் ஆறு மாதம் வரை சிறை, அல்லது இரண்டு லட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டுமே.

தீர்ப்பு வரும்வரை 'குற்றம் சாட்டப்பட்டவர்' என்றே சொல்லுங்கள். ஸ்ரீவில்லிபுத்தூர் கோர்ட் ஒருவரை விடுதலை செய்தால், அதையும் அதே சேனலில், அதே நீளத்துக்குச் சொல்லுங்கள். பிள்ளைகளின் படங்களை இன்றே நீக்குங்கள். நீக்காதவர்கள்மீது விருதுநகர் மாவட்டக் காவல்துறை, புகாருக்குக் காத்திராமல், மாஜிஸ்திரேட் உத்தரவு பெற்று, 74-ஆம் பிரிவில் நடவடிக்கை எடுக்க வேண்டும்.