மந்திர எழுத்தரும் நாமும்

சின்ன வயதில் கேட்ட கதைகளில் ஒருவன் வருவான். ஓலையில் நாலு எழுத்து எழுதுவான். பூட்டிய கதவு திறக்கும், பேய் ஓடும், நோய் தீரும். இதெல்லாம் வெறும் கதை என்று சிரித்துவிடுகிறோம். ஆனால் நண்பர்களே, இந்த மந்திர எழுத்தர் வேலை ஒரு நாட்டில் நிஜமாகவே இருந்தது. அதுதான் பண்டைய எகிப்து.

எகிப்தியர் தங்கள் சித்திர எழுத்தைக் 'கடவுளின் சொற்கள்' என்றே அழைத்தனர். எழுத்துக்கென்று தோத் என்ற தெய்வமும் உண்டு. பாம்போ தேளோ கடித்தால், மந்திரம் செதுக்கிய கல்லின்மேல் தண்ணீர் ஊற்றி, அதைக் குடிக்கக் கொடுத்தார்கள். செத்தவர் மறு உலகம் சேர, மந்திரச் சுருள் எழுதிக் கல்லறையில் வைத்தார்கள். லண்டன் பிரிட்டிஷ் மியூசியத்தில் உள்ள அனி என்பவரின் சுருள் சுமார் 24 மீட்டர் நீளம். இதில் ஒரு வேடிக்கை! அதன் பல பகுதிகளை முன்கூட்டியே எழுதி, பெயருக்கு மட்டும் இடம் விட்டு, ஆள் கிடைத்தபின் நிரப்பியிருக்கிறார்கள். நம்ம அப்ளிகேஷன் ஃபாரம் மாதிரிதான்.

சுமார் 4000 ஆண்டுகளுக்கு முந்தைய எகிப்திய நூல் ஒன்றில், கேத்தி என்ற அப்பா தன் மகனை எழுத்தர் பள்ளியில் சேர்க்கப் படகில் அழைத்துப் போகிறார். போகும்போதே கொல்லன், குயவன், சலவைக்காரன் என்று ஒவ்வொரு தொழிலாக மட்டம் தட்டுகிறார். எழுத்தர் வேலை ஒன்றுதான் உயர்ந்ததாம்! பள்ளிப் பையன்கள் இதையே பாடமாகக் காப்பி எழுதினார்கள்.

படித்ததும் எனக்கு எங்கப்பா ஞாபகம் வந்தது. "என்னை மாதிரி நீயும் மண்ணு சுமக்கக் கூடாதுடா" என்றுதான் அவரும் என்னை இங்கே சேர்த்தார். அந்த ஆசையில் தப்பில்லை. ஆனால் படித்தவன் கொல்லனைக் கேலி பேசுவது தப்பு. ஒர்க்‌ஷாப்பில் சுத்தியல் பிடித்த நமக்கு இது தெரியாதா?

எழுத்தில் மந்திரம் ஏதுமில்லை. படிக்கத் தெரிந்தவர் சிலர், தெரியாதவர் பலர் என்று இருந்ததுதான் மந்திரம். எங்கப்பா ஒரு முறை வட்டிக் கடனுக்காக வெற்றுப் பத்திரத்தில் கைநாட்டு வைத்தார். வாங்கியது 10,000 ரூபாய். பிறகு அதில் நிரப்பியிருந்தது 25,000! எகிப்தில் பெயருக்கு இடம் விட்டார்கள், இங்கே தொகைக்கு.

அந்த மந்திரமும் நிலைக்கவில்லை. நமக்குத் தெரிந்த கடைசிச் சித்திர எழுத்துக் கல்வெட்டு கி.பி. 394ஐச் சேர்ந்தது. தெரிந்த சிலர் மறைந்ததும் எழுத்தும் ஊமையானது. 1822ல் ஷாம்போலியோன் என்ற பிரெஞ்சு அறிஞர் அதன் சூட்சுமத்தைக் கண்டுபிடிக்கும்வரை 1400 ஆண்டுகளுக்கு மேல் அதைப் படிக்க ஆளில்லை. நாலு பேருக்குச் சொல்லிக் கொடுக்காத எழுத்தின் கதி இதுதான்.

நம்மில் பலர் வீட்டில் முதல் ஆளாகப் படிக்க வந்தவர்கள். ஊருக்குப் போனால் பேங்க் சலான், மனு என்று நம்மைத் தேடி வருவார்கள். எழுதிக் கொடுப்போம், சரி. ஆனால் எழுதியதை உரக்கப் படித்துக் காட்டிவிட்டுத்தான் கைநாட்டு வாங்க வேண்டும். முடிந்தால் பெயரெழுதவும் சொல்லித்தர வேண்டும்.

போன லீவில் எங்கப்பாவுக்குச் சொல்லிக் கொடுத்தேன். இப்போது கையெழுத்துப் போடுகிறார். கோணல்தான். ஆனால் யார் பேப்பரை நீட்டினாலும் "முதல்ல படிச்சுக் காட்டு" என்கிறார்.

நண்பர்களே, ஆளுக்கு ஒருவருக்காவது இதைச் செய்வோமா?